மினிபஸ்ஸில் வந்த உலகம்மாள்

மதிய மினிபஸ்ஸில் உலகம்மாள் வந்து இறங்கியபோது, உலகம்மாள் வீட்டில் உட்கார்ந்து பீடி சுற்றிக்கொண்டிருந்தாள். பாறைக்குளத்தில் அன்று வெயில் சுள்ளென்று காய்ந்தது. மலைப்பக்கம் சாரல் இன்னும் தொடங்கவில்லை. பஸ்ஸில் அவளோடு வந்தவர்களுக்கு அவளை நன்றாகத் தெரியும் என்பதால், உடம்புக்கு முடியாமல் கிடந்தவள் எப்போது வெளியூர் போனாள், எப்போது திரும்பினாள் என்று ஒரு நொடி யோசித்ததோடு சரி, அப்புறம் அவரவர் மூட்டையைப் பார்த்துக்கொண்டு போனார்கள். கையில் ஒரு வயர்கூடையோடு அவள் அம்மன் கோவில் முடுக்கு வழியாக நடந்து, எதிரே வந்த ஆட்டுக்குட்டிக்கு ஒதுங்கி வழிவிட்டு, ஊதாக் கதவு போட்ட வீட்டுக்குள் செருப்பைக் கழற்றிவிட்டு நுழைந்து, யாரையும் கேட்காமல் அடுக்களைக்குள் போய்ப் பானைத் தண்ணீரை மொண்டு குடித்து, முந்தானையால் வாயைத் துடைத்தபடி வெளியே வந்து, சுவரோரமாகத் தீப்பெட்டிகளை வரிசையாக வைத்து ரயில் ஓட்டிக்கொண்டிருந்த நாலு வயதுப் பிள்ளையைப் பார்த்து அப்படியே நின்றுவிட்டாள்.

"இது யாரு?" என்று கேட்டாள்.

பீடித்தட்டை மடியில் வைத்திருந்த உலகம்மாள் நிமிர்ந்தாள். அதே நெற்றி, அதே மூக்கு, சின்ன வயதில் அடுப்பில் சுட்டுக்கொண்ட அதே மணிக்கட்டுத் தழும்பு. கண்ணாடியில் இருப்பவள் நாம் பார்த்தால்தான் நம்மைப் பார்ப்பாள். இவளோ தன்னை ஏறிட்டும் பார்க்காமல் பிள்ளையையே பார்த்துக்கொண்டு நின்றாள்.

"எம் மக. செண்பகம்," என்றாள் உலகம்மாள். சொல்லி முடித்த பிறகுதான் கையிலிருந்த கத்தரி நழுவித் தட்டுக்குள் விழுந்தது.

வந்தவள் யாரென்று அவளுக்கு யாரும் விளக்க வேண்டியிருக்கவில்லை. கொஞ்ச நாளாகவே படுத்தாலும் எழுந்தாலும் அவள் நினைத்துக்கொண்டிருந்தது இவளைப் பற்றித்தான்.

ஆறு வருஷத்துக்கு முன்னால், வெளியூர் அறக்கட்டளை ஒன்று பாறைக்குளம் பள்ளிக்கூடத்தில் முகாம் போட்டது. பெண்களுக்குக் கர்ப்பப்பை வாயில் புற்று இருக்கிறதா என்று பார்க்கிற முகாம். வெட்கப்பட்டு வீட்டுக்குள் ஒளிந்தவர்களையும் நர்ஸம்மாக்கள் கையைப் பிடித்து, நல்ல வார்த்தை சொல்லிக் கூட்டிப்போனார்கள். பீடி சுற்றுகிற பெண்கள் தட்டைக் கவிழ்த்துவைத்துவிட்டு வரிசையில் நின்றார்கள். திரைக்குப் பின்னால் படுக்கவைத்து, பஞ்சுக்குச்சி மாதிரி ஒன்றால் தொட்டு எடுத்து, சின்னக் கண்ணாடித் தகட்டில் தடவி, பெட்டியில் அடுக்கி, எங்கேயோ அனுப்பினார்கள். சில வாரம் கழித்து ஒரு பெண் வீடு வீடாக வந்து, "உங்களுக்கு ஒண்ணுமில்லக்கா, நிம்மதியா இருங்க," என்று சிரித்துக்கொண்டே சொல்லிவிட்டுப் போனாள். உலகம்மாளும் நிம்மதியாக இருந்தாள். கல்யாணமாகிப் பத்து வருஷம் பிள்ளையில்லாமல், ஏறாத கோவில் இல்லை என்று ஏறி இறங்கியவளுக்கு அடுத்த வருஷமே வயிற்றில் தங்கியது. செண்பகம் பிறந்தாள். ஊரே வந்து பார்த்து, கன்னத்தைக் கிள்ளிவிட்டுப் போனது.

பிறகு உதிரம் கண்ட நேரத்தில் பட்டது. இடுப்பு கழன்று விழுவதுபோல் வலித்தது. பக்கத்து டவுன் டாக்டரிடம் போனால், "சோதனை எதுவும் செஞ்சிருக்கியாம்மா?" என்று அவர் கேட்பார், "செஞ்சாச்சு சார், ஒண்ணுமில்லன்னுட்டாவ," என்று இவளே பெருமையாகச் சொல்லுவாள், "அப்போ ஒண்ணும் இருக்காது," என்று அவர் ரத்தம் ஊறுகிற மாத்திரை எழுதித் தருவார். இப்படியே அந்த ஒண்ணுமில்லை அவளோடு ஒவ்வொரு வாசலாக ஏறி இறங்கியது. கடைசியில் திருநெல்வேலிக்குப் போனபோது, எங்கும் பரவிவிட்டது என்றார்கள். அங்கிருந்த இளம் டாக்டர் ஒருத்தி விடாப்பிடியாகக் கேட்டு அந்தப் பழைய கண்ணாடித் தகட்டை வரவழைத்துப் பார்த்தாள். அன்றைக்கே இருந்திருக்கிறது. கண்ணை வைத்துப் பார்த்திருந்தால் தெரிந்திருக்கும் அளவுக்கு இருந்திருக்கிறது. பார்த்தவர் அரைகுறையாகப் பார்த்தாரா, பார்க்காமலே பார்த்ததாகச் சொன்னாரா, யாருக்கும் தெரியவில்லை. இனி வைத்தியம் வலியைக் குறைக்கத்தான், அடுத்த பங்குனியைப் பார்த்தால் பெரிய காரியம் என்று சொல்லி அனுப்பிவிட்டார்கள்.

அன்றைக்கு யாராவது ஒருத்தர் சரியாகப் பார்த்திருந்தால் எப்படி இருந்திருப்பாளோ, அந்த உலகம்மாள்தான் இப்போது மினிபஸ்ஸில் வந்திருந்தாள்.

"எனக்கு மூணாவது வாரமே ஆள் அனுப்பிட்டாவ," என்றாள் வந்தவள், கீழே உட்கார்ந்து, தானாகவே ஓர் இலையை எடுத்து நறுக்கிக்கொண்டு. "திருநெல்வேலிக்குப் போனோம். கர்ப்பப்பைய எடுத்தாவ. கரண்டு வச்சாவ, மருந்து ஏத்தினாவ. முடியெல்லாம் கொட்டி, பாதி முளைச்சுது பாரு. சாயங்காலமானா இந்த இடது காலு வீங்கிரும். மத்தபடி பொழச்சுக்கிட்டேன்."

"உன் வீடு?"

"இந்த வீடுதான். உங்க வீட்டுக்காரருதான் எங்க வீட்டுக்காரரும். கதவுகூட இதே ஊதாதான்." அவள் பிள்ளையின் பக்கம் திரும்பாமல் இருக்கப் பார்த்தாள், முடியவில்லை. "இவ மட்டும் இல்ல."

அந்திக்கு உலகம்மாளின் புருஷன் திருமலைக்குமார் லோடு ஆட்டோவை நிறுத்திவிட்டு வந்தான். காலைக் கழுவிக்கொண்டு உள்ளே வந்தவன், இரண்டு பெண்சாதிகளும் எதிரெதிரே உட்கார்ந்திருப்பதைப் பார்த்தான். இவளைப் பார்த்தான், அவளைப் பார்த்தான், மறுபடியும் இவளைப் பார்த்தான். பிறகு வந்தவளிடம், வீட்டுக்கு வந்த யாரிடமும் கேட்பதைக் கேட்டான்.

"சாப்பிட்டியா?"

"இன்னும் இல்ல."

அவன் தலையை ஆட்டிவிட்டுக் கிணற்றடிக்குப் போனான். வெகுநேரம் வாளி இறங்கி ஏறுகிற சத்தம் கேட்டது. நிறைந்த தொட்டியிலேயே மறுபடி மறுபடி தண்ணீரை ஊற்றிக்கொண்டிருந்தான். அன்றிலிருந்து பெண்கள் இருவரும் பிள்ளையும் உள்ளே படுத்தார்கள்; அவன் லோடு ஆட்டோவின் பின்பக்கத்தில் பாயை விரித்துக்கொண்டான். அதைப் பற்றிப் பேச நினைத்த வாய்களுக்கு ஒன்றும் கிடைக்காமல் போனது.

ஊர் மூன்று நாள் வேடிக்கை பார்த்தது. எப்படி வந்தாள் என்று யாரும் தலையைப் பிய்த்துக்கொள்ளவில்லை. மினிபஸ்ஸில் வந்தாள், அதற்குமேல் என்ன இருக்கிறது? ஊருக்குத் தீர்க்க வேண்டிய சங்கடங்கள் வேறு இருந்தன. ரேஷன் கடையில் ரேகை வைக்கிற மிஷின் இருவர் பெருவிரலுக்கும் பிசகாமல் திறந்தது. கடைக்காரர் கொஞ்சநேரம் மிஷினையே தட்டித் தட்டிப் பார்த்துவிட்டு, "ரேகை ஒண்ணுன்னா அரிசியும் ஒண்ணுதான் தாயி, என்னைய வம்புல மாட்டி விட்டுராதீங்க," என்று கையைக் கூப்பினார். பீடிக்கடையில் கட்டுகளைச் சோதிக்கிறவர், இரண்டு பேர் சுற்றியதில் எது யார் சுற்றியது என்று பிரிக்க முடியாமல் இரண்டையும் ஒரே பெயரில் எழுதிக்கொண்டார். வளைகாப்புக்கு அழைக்க வந்தவர்கள், குங்குமச் சிமிழை யாரிடம் முதலில் நீட்டுவது என்று வாசலில் நின்று குசுகுசுத்து, கடைசியில் நடுவில் நின்ற செண்பகத்திடம் நீட்டினார்கள். கோவில் கொடைத் திருவிழாவுக்கு வரி எழுதும்போது அந்த வீட்டுப் பெண்தலை ஒன்றா இரண்டா என்று ஊர்க்கூட்டத்தில் பேச்சு வந்தது. "அவ பாதி, இவ பாதி, கூட்டினா ஒண்ணு," என்று ஒருவர் சொல்ல, பெண்கள் பக்கமிருந்து எழுந்த சத்தத்தில் அவர் துண்டை உதறிக்கொண்டு எழுந்து போய்விட்டார். பிறகு அந்தப் பேச்சை யாரும் எடுக்கவில்லை. ஒருத்தியை இருந்தவள் என்றும் மற்றவளை வந்தவள் என்றும் சொல்லப் பழகினார்கள். செண்பகம் மட்டும் ஒருத்தியை அம்மா என்றும் மற்றவளைப் பஸ் அம்மா என்றும் கூப்பிட்டாள். மாசம் திரும்புவதற்குள், குழாயடியில் வந்தவளும் குடத்தை வைத்து இடம் பிடித்துச் சண்டை போட்டாள், எல்லாரும் அவளோடு சண்டை போட்டார்கள். ஓர் ஊர் ஓர் அதிசயத்தை ஏற்றுக்கொண்டது என்பதற்கு அதைவிட வேறு என்ன அடையாளம் வேண்டும்?

ஆனால் எல்லாருக்கும் அது ஒத்துவரவில்லை. இரண்டு வீடு தள்ளி ஞானதீபம் இருந்தாள். உலகம்மாளுக்கு முன்னால் வரிசையில் நின்றவள், அவளைப் போலவே ஒண்ணுமில்லை என்று வாங்கி வந்தவள், இப்போது அவளைப் போலவே படுக்கையில் கிடப்பவள். அவளுடைய மற்றவளும் ஒருநாள் அதே பஸ்ஸில் வந்து இறங்கினாள். நல்ல சேலை கட்டி, தலை நிறையப் பூ வைத்து, வாட்டமில்லாமல் வந்தாள். ஞானதீபம் சன்னல் வழியாகப் பார்த்தாள். மகளிடம் கதவைச் சாத்தச் சொன்னாள். அந்தப் பெண் சிலுவை வைத்த வேதக்கோவில் வேப்பமரத்தடியில் பொழுது சாய்கிறவரை உட்கார்ந்திருந்துவிட்டு, வந்த பஸ்ஸிலேயே திரும்பிப் போய்விட்டாள்.

"ஏன்க்கா அப்படிச் செஞ்சீங்க?" என்று உலகம்மாள் போய்க் கேட்டாள்.

"போறது போகுதுன்னு மனசத் தேத்தி வச்சிருக்கேன்ட்டி," என்றாள் ஞானதீபம். "கெடைக்காமப் போனது பூவும் பொட்டுமா நடந்து வாரதையும் பாக்கணுமா? உனக்குத் தெம்பிருக்கு. எனக்கு இல்ல." பிறகு, "தலையில என்ன பூ வச்சிருந்தா?" என்று கேட்டாள்.

"பிச்சிப்பூக்கா."

"ம்," என்று சுவர்ப்பக்கம் திரும்பிப் படுத்துக்கொண்டாள். ஐப்பசி மழையில் அவளை அடக்கம் செய்தார்கள்.

அதற்குப் பிறகுதான் அறக்கட்டளையிலிருந்து ஆட்கள் வந்தார்கள். வெள்ளைக் காரில் ஓர் அதிகாரியும் நரைத்த தலையோடு ஒரு டாக்டரம்மாவும். ஞானதீபத்தின் வீட்டில் கொஞ்சநேரம் தலைகுனிந்து நின்றுவிட்டு இங்கே வந்தார்கள். உலகம்மாளால் அப்போது அதிகநேரம் உட்கார முடியாது. கட்டிலில் சாய்ந்திருந்தாள். பக்கத்தில் வந்தவள் அவள் முதுகுக்குத் தலையணையாக உட்கார்ந்திருந்தாள். நடந்ததற்கு நிர்வாகம் மிகவும் வருந்துகிறது என்று அதிகாரி மனப்பாடம் செய்ததுபோல் சொல்லிவிட்டு, நிமிர்ந்து பார்த்து, "இவங்க உங்க கூடப்பிறந்தவங்களா? ரெட்டையா?" என்று கேட்டார்.

"இல்ல சார்," என்றாள் உலகம்மாள். "நீங்க சரியாப் பாத்திருந்தா, நான் இவதான்."

அதிகாரி இருவரையும் மாறி மாறிப் பார்த்தார். டாக்டரம்மா குடிக்க எடுத்த தண்ணீரைக் குடிக்காமலே கீழே வைத்தார். வந்தவள் வீங்கிய காலைச் சேலைக்குள் இழுத்துக்கொண்டாள். வாசலில் செண்பகம் அந்தக் காரின் கண்ணாடியில் மூக்கை வைத்து அழுத்திச் சிரித்துக்கொண்டிருந்தாள். அதிகாரி கெட்ட மனுஷர் இல்லை. ஏதாவது ஆறுதல் சொல்லியாக வேண்டும் என்று தவித்துப்போய், வாய்க்கு வந்ததைச் சொன்னார்.

"ஒரு வகையில பாத்தா... அன்னைக்கே கண்டுபிடிச்சிருந்தா கர்ப்பப்பையை எடுத்திருப்பாங்க. இந்தக் குழந்தை உங்களுக்கு..."

"சார்." உலகம்மாளின் குரல் உயரவில்லை. "எம் பிள்ளைய உங்க தப்போட சேத்துப் பேசாதீங்க. அவ எனக்குப் பொறந்தா. உங்க தப்புக்குப் பொறக்கல."

அவளே மறுபடி பேசினாள்.

"எனக்கு இனிமே நீங்க செய்யக்கூடியது ஒண்ணுமில்ல. ஆனா அன்னைக்கி எங்கூட வரிசையில நின்னவ பூரா இன்னமும் நிம்மதியாத்தான் இருக்கா. அந்தக் கண்ணாடி எல்லாத்தையும் திரும்ப எடுத்துப் பாருங்க. ஒரு ஆளு பாத்தா போதாது. ரெண்டு ஆளு பாக்கணும்."

"நானே உக்காந்து பாக்குறேம்மா," என்றார் டாக்டரம்மா. அவர் பேசியது அது ஒன்றுதான்.

அவர் சொன்னபடி பார்த்தார். கீழத்தெருவில் பேச்சித்தாய் என்று ஒரு சின்னப் பெண்ணைக் கையோடு கூட்டிக்கொண்டு போனார்கள், தொடக்கம்தான், சரியாகிவிடும் என்றார்கள், சரியாகத்தான் ஆனது. அவளுக்காக மினிபஸ்ஸில் யாரும் வரவில்லை. வரவேண்டிய அவசியமும் இல்லை.

மார்கழியில் உலகம்மாளின் வலி கூடியது. எழுந்து நடப்பது குறைந்தது. செண்பகத்தைத் தூக்க முடியவில்லை. ஒருநாள் பிள்ளை தெருக்கல்லில் தடுக்கி விழுந்து, முழங்காலில் ரத்தத்தோடு அழுதுகொண்டே ஓடிவந்தாள். கட்டிலிலிருந்து உலகம்மாள் இரண்டு கையையும் நீட்டினாள். பிள்ளை அந்தக் கைகளைத் தாண்டி நேரே அடுக்களைக்குள் ஓடி, வந்தவளின் இடுப்பைக் கட்டிக்கொண்டது. வந்தவள் தூக்கினாள். தூக்கிக்கொண்டு திரும்பியபோது, நீட்டிய கைகள் இன்னும் நீட்டியபடியே இருப்பதைப் பார்த்தாள்.

"போயிரு," என்றாள் உலகம்மாள். "வயச எடுத்துக்கிட்ட, உசுர எடுத்துக்கிட்ட, இப்போ பிள்ளையையும் எடுக்க வந்துட்டியா? போயிருளா!"

வந்தவள் பிள்ளையின் காயத்தைக் கழுவி, மஞ்சள் வைத்து, தாயின் பக்கத்தில் உட்காரவைத்துவிட்டு, வயர்கூடையை எடுத்துக்கொண்டு போனாள். பஸ் வந்தது. படியில் கால் வைத்தாள். "எங்க மைனி போகணும்?" என்று கண்டக்டர் கேட்டான். "எங்க ஊருக்கு," என்றாள். "இதானே உங்க ஊரு," என்றான் அவன். அவள் கொஞ்சநேரம் யோசித்துவிட்டுக் காலை எடுத்துக்கொண்டாள். பஸ் போய்விட்டது. அடுத்ததும் வந்து போனது.

வெயில் தாழ்ந்தபோது உலகம்மாள் சுவரைப் பிடித்துப் பிடித்து, முடுக்கு நெடுக நின்று நின்று, பஸ் நிற்கிற இடத்துக்கு வந்து, சிமெண்டுப் பெஞ்சில் அவள் பக்கத்தில் உட்கார்ந்தாள். மூச்சு அடங்க நேரமானது. எதிரே வயலில் கொக்குகள் மேய்ந்தன.

"நீ எதுக்குளா வந்த? அதச் சொல்லு மொதல்ல."

"சொன்னா சிரிப்ப."

"சிரிக்கதுக்கு எனக்கு எங்க தெம்பு?"

"ஒருநா சோறு வைக்கும்போது மூணு தட்டு எடுத்து வச்சிட்டேன்," என்றாள் வந்தவள். "நாம ரெண்டு பேருதான, மூணாவது யாருக்குன்னு அவரு கேட்டாரு. எனக்குத் தெரியல. மறுநாளும் கை தானா மூணு எடுக்குது. ஒரு வருசமா இப்படி. வைத்தியமெல்லாம் முடிஞ்சு, ஒண்ணும் பயமில்லன்னு சொல்லிட்டாவ, எல்லாரும் சந்தோசமா இருக்காவ, நான் மட்டும் அந்த மூணாவது தட்டப் பாத்துட்டு உக்காந்திருக்கேன். அது யாருக்குன்னு பாத்துட்டு வருவோம்னுதான் பஸ் ஏறினேன். எறங்கி வந்து பாத்தா, இவ சுவரோரம் ரயிலு விடுதா."

உலகம்மாள் அவளுடைய வீங்கிய காலைப் பார்த்தாள்.

"நீ நல்லா இருக்கன்னுல்லா நெனச்சேன்."

"உசுரோட இருக்கேன். அது சின்ன விசயமில்ல. இல்லைன்னு சொல்லமாட்டேன்."

"மாத்திக்கிடலாம்னு யாராவது சொன்னா என்ன செய்வ?"

"கேக்காத."

"சரி, கேக்கல. என்னையும் நீ கேக்காத. எனக்கு ரெண்டும் வேணும். பிள்ளையும் வேணும், உசுரும் வேணும். இருட்டுல கெடந்து சண்டை போடுதேன், யாருகூடன்னு தெரியல." அவள் அழுதாள். வந்தவளும் அழுதாள். பஸ்ஸுக்கு வந்து நின்றவர்கள் மரியாதையாகச் சற்றுத் தள்ளிப் போய் நின்றுகொண்டார்கள். பிறகு வந்தவள் ஒரு கையில் கூடையும் ஒரு கையில் இருந்தவளுமாக, இரண்டு உலகம்மாளும் ஒரே நிழலைத் தரையில் இழுத்துக்கொண்டு வீட்டுக்கு நடந்தார்கள்.

அன்றைக்குப் பிறகு உலகம்மாள் சொல்லிக்கொடுக்க ஆரம்பித்தாள். பீடி சுற்றுவதையோ குழம்பு வைப்பதையோ சொல்லிக்கொடுக்க வேண்டியதில்லை; கை ஒன்றுதான். பிள்ளையைத்தான் சொல்லவேண்டும். பருப்புச்சோற்றை உருட்டி வைத்தால் தின்னமாட்டாள், தட்டில் பரப்பிக் கோலம் போட்டால் தின்பாள் என்று சொன்னாள். தூங்குவதற்கு யாருடைய காது மடலையாவது பிடித்துக்கொள்ள வேண்டும், வலது காதுதான், இடது காதைக் கொடுத்தால் கண்டுபிடித்துவிடுவாள் என்று சொன்னாள். இடிக்குப் பயமில்லை, மிக்ஸிக்குப் பயம். பொய் சொன்னால் மேலுதடு துடிக்கும். கோபம் வந்தால் அலமாரிக்கும் சுவருக்கும் நடுவே போய் நிற்பாள், கூப்பிடக்கூடாது, தானாக வருவாள். காய்ச்சலில் பாட்டுக் கேட்டால் அழுவாள். வாசிக்கத் தெரியாமலே பஸ் போர்டுகளை வாசிப்பாள். சொல்லச் சொல்ல வந்தவள் உதட்டை அசைத்து மனப்பாடம் செய்தாள். சொல்லிக்கொண்டே வந்த உலகம்மாள் ஒருநாள் பாதியில் நிறுத்தி, "அவகிட்ட என்ன சொல்லப் போற?" என்று கேட்டாள்.

"தெரியல," என்றாள் வந்தவள்.

"எனக்கும் தெரியல," என்றாள் உலகம்மாள்.

பங்குனி பிறந்து, கொடைக்குக் கால் நாட்டுகிற மேளம் கேட்ட அன்று காலையில், வந்தவளின் மடியில் தலைவைத்தபடி அவள் போய்ச்சேர்ந்தாள். செண்பகத்தை முன்கூட்டியே ஞானதீபத்தின் மகள் தன் வீட்டுக்குத் தூக்கிப் போயிருந்தாள். குளிப்பாட்ட வந்த பெண்கள் வந்தவளைத் தள்ளி உட்காரச் சொன்னார்கள். அவள் கேட்கவில்லை. "எங்க வலிக்கும், எங்க வலிக்காதுன்னு எனக்குத்தான் தெரியும்," என்று சொல்லித் தானே வெந்நீர் ஊற்றி, தழும்பு உள்ள மணிக்கட்டைத் தழும்பு உள்ள கையால் பிடித்துத் தேய்த்து, தலை துவட்டி, சேலை உடுத்திவிட்டாள். அதைப் பார்த்துக்கொண்டிருந்த பெண்களுக்கு ஒப்பாரி வரவில்லை. சங்கு ஊதி எடுத்துப்போனபோதுதான் எல்லாருக்கும் சேர்த்து ஒரேயடியாக வந்தது.

சுடுகாட்டில் தீ வைத்துவிட்டு வந்த ஆண்கள் குளித்துத் திரும்புவதற்குள் ஊர் ஒரு முடிவுக்கு வந்திருந்தது. நல்ல மனதோடு வந்த முடிவுதான் அது. பெரியவர்கள் நாலு பேர் வந்தவளிடம் வந்து சொன்னார்கள்: "நாலு வயசுப் பிள்ளைக்கு என்னம்மா தெரியும்? அம்மாவுக்குச் சரியாயிட்டு, பஸ்ஸுல வந்தவ ஊருக்குப் போயிட்டான்னு சொல்லிரு. முகமும் அதேதான், குரலும் அதேதான். தாயில்லாப் பிள்ளைன்னு ஒரு பேரு அதுக்கு எதுக்கு? நாங்க ஒரு ஆளும் வாயத் திறக்க மாட்டோம்." ஓர் ஊர் முழுக்க ஒரு குழந்தைக்காகச் சாகும்வரை வாயைக் கட்டத் தயாராக நின்றது.

திருமலைக்குமாரும் ஈர வேட்டியோடு நின்று, "அவுக சொல்றதும் சரிதான். பிள்ளை தாங்காது. ஒண்ணுமில்லன்னு சொல்லிருவோம்," என்றான்.

அந்தச் சொல்லைக் கேட்டதும் வந்தவள் நிமிர்ந்தாள்.

"அன்னைக்கி ஒரு ஆளு வீடு தேடி வந்து உள்ளதச் சொன்னதாலதான் நான் இங்க உசுரோட நிக்கேன்," என்றாள். "ஒண்ணுமில்லன்னு சிரிச்சிக்கிட்டே சொன்னதாலதான் அவ அங்க வேகுதா. என் வாயால நான் அந்தச் சொல்ல அந்தப் பிள்ளைகிட்டச் சொல்லவா?"

பெரியவர்கள் வாசலைவிட்டு ஒதுங்கி வழிவிட்டார்கள்.

செண்பகத்தைக் கூட்டிவந்தார்கள். கழுவிவிட்ட வீடு ஈரமாக இருந்தது, கட்டிலைக் காணோம். பிள்ளை வாசற்படியில் நின்று உள்ளே பார்த்தது, பிறகு இவளைப் பார்த்தது.

"அம்மாவுக்குச் சரியாயிட்டா?"

பின்னால் நின்றவர்கள் தலைகள் தாமாகவே ஆமாம் என்று ஆடப்போய் நின்றன. வந்தவள் தரையில் உட்கார்ந்து, பிள்ளையின் உயரத்துக்கு முகத்தைக் கொண்டுவந்தாள்.

"இல்லட்டி. சரியாகல. அம்மா செத்துப்போயிட்டா. இனிமே வரமாட்டா. நான் அவ இல்ல. நான் பஸ்ஸுல வந்தவ."

செண்பகம் அவள் முகத்தை வெகுநேரம் பார்த்தாள். விரலால் அவள் புருவத்தைத் தொட்டாள், மூக்கைத் தொட்டாள். பிறகு அலமாரிக்கும் சுவருக்கும் நடுவே போய் நின்றுகொண்டாள். தோள் குலுங்கியது. திருமலைக்குமார் ஓடப்போனான், வந்தவள் அவன் கையைப் பிடித்து நிறுத்தினாள். யாரும் கூப்பிடவில்லை. வெளியே மேளக்காரர்கள் சாவு வீட்டுக்காக மேளத்தை இறக்கிவைத்துவிட்டுச் சும்மா நின்றார்கள். ஊர் அத்தனை அமைதியாக இருந்து யாரும் கண்டதில்லை. பொழுது நகர்ந்து, வாசல் வெயில் படியேறி உள்ளே வந்த பிறகு, பிள்ளை தானாக வெளியே வந்தது. மூக்கைப் புறங்கையால் துடைத்துக்கொண்டு அவள் எதிரே நின்றது.

"நான் பொறந்தப்போ நீ இருந்தியா?"

"இல்லட்டி. எனக்குத் தெரியாது."

"அம்மா சொல்லலையா?"

"நெறைய சொன்னா. அதச் சொல்லல."

செண்பகம் கொஞ்சம் யோசித்தாள். பாவம், இவளுக்கு ஒன்றுமே தெரியவில்லையே என்று அவளுக்குத் தோன்றியிருக்க வேண்டும். வந்தவளின் மடியில் ஏறி, வசதியாகச் சாய்ந்து உட்கார்ந்தாள்.

"நான் சொல்லுதேன், கேளு. அன்னைக்கி ஒரே மழ. ஆஸ்பத்திரிக்குள்ள எல்லாம் தண்ணி வந்துட்டு. நர்ஸு செருப்பு மெதந்து போயிட்டு. அப்பா பிஸ்கட் வாங்கப் போனவுக வரவே இல்ல. நான் வந்தேனா, அழவே இல்லையாம். சும்மா முழிச்சு முழிச்சுப் பாத்தேனாம். அப்போ அம்மா என்ன சொன்னா தெரியுமா?"

"என்ன சொன்னா?"

"'ஏட்டி, இம்புட்டு நாளும் எங்க போயிருந்த?'ன்னு கேட்டாளாம்."

"அப்புறம்?" என்றாள் உலகம்மாள்.